சார்ஜென்ட் சந்திரமதி, த்ரூ ப்ராப்பர் சேனல்

போர்ட் பிளேர் பத்துபஸ்தியில் சந்திரமதி வீடு எது என்று யாரிடமும் கேட்க வேண்டாம். சாயங்காலம் ஆறரைக்குப் போய் ரோட்டில் நின்றால் போதும். எந்த வீட்டிலிருந்து குண்டு வெடிக்கிற சத்தமும், நடுநடுவே "ஐயோ, குனிங்கன்னா குனிய மாட்டேங்கறீங்களே!" என்று ஒரு பொம்பளைக் குரலும் கேட்கிறதோ, அதுதான் வீடு. பக்கத்தில் புதிதாகக் குடிவந்த தெலுங்குக் குடும்பம் முதல் வாரத்திலேயே போலீசுக்குப் போன் போடப் பார்த்தது. எதிர்வீட்டுத் தமிழரசிதான் ஓடிப்போய்த் தடுத்தாள். ஒன்றுமில்லை பாபி, அங்கே புருஷன் பொண்டாட்டி பேசிக்கொண்டிருக்கிறார்கள், அவ்வளவுதான் என்று தனக்குத் தெரிந்த இந்தியில் சொல்லிப் புரியவைத்தாள்.

அவள் சொன்னதில் ஒரு எழுத்துகூடப் பொய்யில்லை.

சந்திரமதிக்கு ஐம்பத்தொன்பது வயது. ராமநாதபுரம் பக்கத்திலிருந்து கப்பலேறி வந்த குடும்பம். இவள் பிறந்ததும் வளர்ந்ததும் போர்ட் பிளேரில்தான். முப்பத்துமூன்று வருடமாக அரசாங்க ஆபீசில் தபால் பிரிவு. எந்த ஆபீஸ் என்று சொல்வதற்கில்லை. சொன்னால் அதற்கும் ஒரு விளக்கக் கடிதம் கேட்பார்கள். அந்த ஆபீசுக்குள் வருகிற காகிதம் ஒவ்வொன்றும் அவள் கையால் இன்வர்டு ரிஜிஸ்டரில் ஏற வேண்டும், வெளியே போகிற காகிதம் ஒவ்வொன்றும் அவளிடம் முத்திரை வாங்க வேண்டும். ரிஜிஸ்டரில் ஏறாத காகிதம் அவளைப் பொறுத்தவரை உலகத்திலேயே இல்லாத காகிதம். மகள் அகிலாவின் கல்யாணப் பத்திரிகை அச்சாகி வந்தபோது, முதல் பத்திரிகையின் மூலையில் தேதியும் வரிசை எண்ணும் போட்டுவிட்டுத்தான் சாமி முன்னால் வைத்தாள். வருகிற நவம்பர் முப்பதாம் தேதி ரிட்டயர்மென்ட்.

புருஷன் கிருஷ்ணமூர்த்தி ஒயரிங் கான்ட்ராக்டர். பத்துபஸ்தியிலிருந்து ஷாதிபூர் வரைக்கும் பாதி வீடுகளுக்கு அவர் போட்ட ஒயர்தான். இப்போது முட்டி ஒத்துழைக்காததால் ஏணி ஏறுவதில்லை. தங்கமான மனுஷன், ஆனால் ஊமைக்கோட்டான். முகத்தைப் பார்த்துவிட்டால் அவருக்கு வார்த்தை வராது. பெண் பார்க்கப் போன அன்றைக்குக்கூட சுவரில் இருந்த சுவிட்ச் போர்டைப் பார்த்துக்கொண்டுதான் "பிடிச்சிருக்கு" என்றார். சுவிட்ச் போர்டைத்தான் சொல்கிறாரோ என்று மாமனார் கொஞ்ச நேரம் குழம்பிப்போனார்.

இந்த இரண்டு பேருக்கும் நடுவில் ஸ்டார்ம் பிளட்டூன் எப்படி வந்தது என்பதைச் சொல்லிவிட வேண்டும். ஸ்டார்ம் பிளட்டூன் என்பது துப்பாக்கிச் சண்டை வீடியோ கேம். இருபத்திரண்டு வருடத்தில் எட்டு பாகம் வந்துவிட்டது. ஒரு சார்ஜென்ட், ஒரு கார்ப்பரல். எட்டு பாகத்திலும் அதே இரண்டு பேர் உலகத்தைக் காப்பாற்றுகிறார்கள், உலகமும் சளைக்காமல் மறுபடி மறுபடி மாட்டிக்கொள்கிறது. அகிலா பள்ளியில் படிக்கும்போது ஆடியது. அவள் காலேஜுக்காகச் சென்னைக்குக் கப்பலேறியபோது கேம் பெட்டியை ஹாலிலேயே விட்டுவிட்டுப் போனாள்.

அது இரண்டாயிரத்துப் பதினொன்று. அந்த வருடம்தான் ஊருக்கு வெளியே புரோத்ராபூரில் ஒரு துண்டு நிலம் விலைக்கு வந்தது. ஏழு தென்னை, ஒரு கிணறு, பின்னால் சின்ன ஓடை. சந்திரமதிக்கு அதைப் பார்த்ததும் மனசு அங்கேயே தங்கிவிட்டது. கிருஷ்ணமூர்த்தி ஃபேனைப் பார்த்துக்கொண்டு, "அந்தக் காட்டுல போய் யார் இருக்கறது?" என்றார். அவ்வளவுதான் பேச்சு. நிலம் கைவிட்டுப் போனது. சந்திரமதி பேச்சை நிறுத்தினாள். ஏற்கெனவே பேசாதவரோடு பேச்சை நிறுத்துவது எவ்வளவு சிரமம் என்று அனுபவித்தவர்களுக்குத்தான் தெரியும். நிறுத்தியது அவருக்குத் தெரியவே நாலு நாள் ஆயிற்று.

பதினோராம் நாள் விடாத மழை. கப்பல் கேன்சல், கேபிள் டிவியும் போய்விட்டது. கிருஷ்ணமூர்த்தி சும்மா இருக்க முடியாமல், மகளுடைய கேம் பெட்டியின் ஒயர் சரியாக இருக்கிறதா என்று போட்டுப் பார்த்தார். கேம் எத்தனை பேர் என்று கேட்டது. பட்டன் பழகாத விரல் இரண்டு பேர் என்பதில் போய் அழுத்திவிட்டது. டிவி நடுவில் பிளந்து மேலே ஒரு பாதி, கீழே ஒரு பாதி ஆனது. கீழ்ப்பாதியில் கார்ப்பரல் ஓடினான். மேல்பாதியில் சார்ஜென்ட் அசையாமல் நின்று அடி வாங்கிக்கொண்டிருந்தான். காபி டம்ளரோடு வந்து உட்கார்ந்த சந்திரமதிக்கு அதைப் பார்க்கப் பொறுக்கவில்லை. கேட்பாரில்லாமல் கிடந்த இன்னொரு கன்ட்ரோலரை எடுத்தாள்.

"சந்திரா, பின்னாடி பாரு!" என்று கத்தினார் கிருஷ்ணமூர்த்தி.

அவள் திரும்பினாள். சுட்டாள். விழுந்தான்.

"பார்த்துட்டேன்" என்றாள்.

பதினோரு நாளுக்குப் பிறகு வீட்டில் பேசிய முதல் பேச்சு இதுதான். அன்றைக்குப் பிடித்த வழக்கம் பதினாலு வருடமாக விடவில்லை. கண் டிவியில் இருந்தால் கிருஷ்ணமூர்த்திக்கு வாய் திறந்துகொள்கிறது. சுகர் டெஸ்ட் ரிசல்ட், தண்ணீர் லாரி வராதது, தங்கச்சி வீட்டு மனஸ்தாபம், எல்லாமே ஆறரையிலிருந்து எட்டரை வரைக்கும் துப்பாக்கிச் சத்தத்துக்கு நடுவில்தான் பேசித் தீர்ந்தது. அகிலா காதல் விவகாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள்.

"உங்க மக ஒரு பையனை விரும்புறாளாம்."

"எந்த ஊரு?"

"வலது பக்கம் ஒருத்தன் வர்றான்!"

"பையன் எந்த ஊருன்னு கேட்டேன்."

"கோயமுத்தூர். சுடுங்க, சுடுங்க! நல்ல பையனாம்."

"சுட்டுட்டேன். வரச் சொல்லு."

இவ்வளவுதான் கல்யாணப் பேச்சு. மாப்பிள்ளைக்கு இன்றுவரைக்கும் இது தெரியாது. புரோத்ராபூர் நிலத்தைப் பற்றி மட்டும் அதன்பிறகு இரண்டு பேரும் வாயே திறக்கவில்லை. அது சந்திரமதிக்கு உள்ளே முள்ளாகவே இருந்தது. போன வருடம் பஸ்ஸில் அந்தப் பக்கம் போனபோது, அங்கே யாரோ மாடி கட்டி ஊஞ்சல் போட்டிருந்ததைப் பார்த்துவிட்டு வந்து, அன்றைக்குச் சாயங்காலம் எதிரிகளைத் தேவைக்கு மேல் சுட்டாள்.

தீவில் உப்புக்காற்று எதையும் விட்டுவைக்காது. கேம் பெட்டி இத்தனை வருடம் தாக்குப்பிடித்தது கிருஷ்ணமூர்த்தியின் கைவண்ணம். ஆடி முடித்ததும் பெட்டியைத் துணியில் சுற்றி அரிசி டிரம்முக்குள் இறக்கி மூடிவிடுவார். ஈரம் அரிசிக்குப் போகும், பெட்டி காய்ந்திருக்கும். சோறு பொங்க அரிசி எடுக்கும்போது சந்திரமதி பெட்டியை நகர்த்திவிட்டு எடுப்பாள். ஒருநாள் சோற்றோடு ஒரு குட்டி ஸ்க்ரூவும் இலைக்கு வந்தது. கிருஷ்ணமூர்த்தி அதைக் கழுவித் துடைத்து இருந்த இடத்தில் முடுக்கினார்.

என்ன செய்தாலும் வயசு வயசுதான். இந்த வருடம் பெட்டி இழுக்க ஆரம்பித்தது. டிஸ்க்கைப் போட்டால் மூச்சுவாங்கியது. உள்ளே போடுகிற பார்ட் உலகத்தில் எங்கேயும் வருவதில்லை என்று அபர்தீன் பஜார் ஜெய்னுதீன் பாய் கடையில் கைவிரித்துவிட்டார்கள். பரவாயில்லை, ஒன்பதாம் பாகம் வந்தால் புதுப் பெட்டியே வாங்கிவிடலாம், ரிட்டயர்மென்ட்டுக்கு அதுதான் பரிசு என்று புருஷனும் பொண்டாட்டியும் ஒரு எதிரி முகாமுக்கு வெளியே பதுங்கியிருந்தபோது முடிவு செய்திருந்தார்கள்.

அப்போதுதான் அகிலா போன் செய்தாள்.

"அம்மா, உங்க கேம் கதை முடிஞ்சுது. ஒன்பதாம் பாகத்துல சார்ஜென்டும் கிடையாது, கார்ப்பரலும் கிடையாது. நூத்தி இருபது பேர் ஆன்லைன்ல ஒரே தீவுல இறங்கி ஒருத்தரை ஒருத்தர் சுட்டுக்கணுமாம்."

"நம்ம தீவுல இறங்குனா நெட் கிடைக்காம நின்னுருவானுங்க" என்றாள் சந்திரமதி. "சரி, பரவாயில்ல. நாங்க ரெண்டு பேரும் இறங்கிக்கறோம்."

"அதுதாம்மா பிரச்சனை. டிவியை ரெண்டாப் பிரிச்சு ஆடறதை எடுத்துட்டாங்க. இனிமே ஆளுக்கு ஒரு டிவி, ஆளுக்கு ஒரு பெட்டி. ஒண்ணும் கவலைப்படாதீங்க. அப்பாவுக்கு பெட்ரூம்ல ஒரு டிவி, உனக்கு ஹால்ல ஒரு டிவி. ஹெட்போன்ல பேசிக்கலாம்."

போன் ஸ்பீக்கரில் இருந்தது. கிருஷ்ணமூர்த்தி எழுந்து சமையலறைக்குப் போய் அரிசி டிரம்மின் மூடியைத் திறந்தார், பார்த்தார், மூடினார். அன்றைக்குச் சாயங்காலம் ஆடும்போதுகூட அந்தப் பேச்சை எடுக்கவில்லை. நவம்பருக்குப் பிறகு இருபத்துநாலு மணிநேரமும் இந்த மனுஷனும் நானும் இந்தச் சுவரைத்தான் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கப் போகிறோமா என்று சந்திரமதிக்குத் தோன்றியது. அவளுக்குப் பயமாகவே இருந்தது.

அகிலா இன்னொன்றும் சொல்லியிருந்தாள். ஆட்டக்காரர்கள் கத்திக் கூப்பாடு போட்டதால், ஒன்பதாம் பாகம் எப்படி இருக்க வேண்டும் என்று கம்பெனி கருத்துக் கேட்கிறதாம். முப்பத்தொரு நாள் கெடு.

"நான் அகிலாகிட்ட சொல்லி ஒரு இமெயில் போடச் சொல்லட்டுமா?" என்று கிருஷ்ணமூர்த்தி டிவியைப் பார்த்துக் கேட்டார்.

"நல்லாருக்கே! நான் சர்வீஸ்ல இருக்கறவ. வெளிநாட்டுக் கம்பெனிக்கு நேரா எழுதிட்டா நாளைக்கு விஜிலென்ஸ்ல பதில் சொல்றது யாரு, நீங்களா? எதுன்னாலும் த்ரூ ப்ராப்பர் சேனல்தான் போகணும்."

அதாவது மேலதிகாரி வழியாக. வீடியோ கேம் பற்றி எழுதக்கூட மேலதிகாரி வழியாகப் போக வேண்டும் என்று எந்த விதியிலும் இல்லை. ஆனால் வேண்டாம் என்றும் எந்த விதியிலும் இல்லையே! முப்பத்துமூன்று வருடத்தில் ஒரு காகிதத்தைக்கூடக் குறுக்கு வழியில் அனுப்பாதவள் கடைசி ஐந்து மாதத்தில் அனுப்புவாளா?

மறுநாளே இங்கிலீஷில் கடிதம் தயார். பொருள்: ஸ்டார்ம் பிளட்டூன் ஒன்பதாம் பாகம், ஒரே தொலைக்காட்சியில் இருவர் ஆடும் வசதியைத் தொடர்ந்து வழங்கக் கோருதல், தொடர்பாக. பார்வை: பாகங்கள் மூன்று முதல் எட்டு வரை. அதன் கீழே பன்னிரண்டு பத்தி, மூன்று இணைப்பு. இணைப்பு ஒன்று, சோபாவின் போட்டோ.

சூப்பரிண்டெண்ட் தாஸ் பாபு பெங்காலி. மத்தியானம் மீன் சாப்பிட்ட கையோடு படித்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு மறுபடி படித்தார். "மேடம், ஏ க்யா ஹை?"

"பர்சனல் ரெப்ரசென்டேஷன் சார். ஃபார்வர்டு பண்ணணும்."

வேண்டாம் என்று எழுத அவருக்கு ஒரு விதி வேண்டும். தேடினார், கிடைக்கவில்லை. விதி இல்லாத இடத்தில் எந்தச் சூப்பரிண்டெண்டும் செய்வதைத்தான் அவரும் செய்தார். "மேலான பார்வைக்குச் சமர்ப்பிக்கப்படுகிறது" என்று எழுதி மாடிக்கு அனுப்பினார்.

மாடியில் கோப்பு ஆறு நாள் படுத்தது. எழுந்தபோது ஒரு கேள்வியோடு வந்தது. துப்பாக்கிச் சூடு எந்த இடத்தில் நடைபெறுகிறது? மனுதாரரிடம் ஆயுத உரிமம் உள்ளதா?

சந்திரமதி அசரவில்லை. கீழே பதில் எழுதினாள்: துப்பாக்கிச் சூடு மனுதாரரின் ஹாலில் நடைபெறுகிறது. துப்பாக்கிகள் யாவும் டிவிக்குள் உள்ளன. இதுவரை வீட்டில் எவருக்கும் காயமில்லை. சோபா மட்டும் ஒரு பக்கம் அமுங்கியுள்ளது, காண்க இணைப்பு ஒன்று.

அடுத்த ஐந்து நாளில் அடுத்த கேள்வி. மனுதாரர் பதினான்கு ஆண்டுகளாக சார்ஜென்டாகவும் பணியாற்றி வருவதாகத் தெரிகிறது. இரண்டாவது பணிக்கு முன் அனுமதி பெறப்பட்டதா?

"கௌரவப் பதவி. ஊதியம் இல்லை. சீருடை மட்டும் நாலாம் பாகத்தில் ஒருமுறை மாற்றப்பட்டது" என்று எழுதினாள். தாஸ் பாபு தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் அந்தக் கோப்பு மேஜைக்கு வந்தால் மற்றதையெல்லாம் தள்ளி வைத்துவிட்டு முதலில் அதைத்தான் படித்தார்.

இருபத்துநாலாம் நாள் மூன்றாவது கேள்வி வந்தது. இரண்டாவது ஆட்டக்காரரின் எழுத்துபூர்வமான வாக்குமூலம் இணைக்கப்படவில்லை. ஒன்பதாம் பாகத்தால் அவர் எவ்வாறு பாதிக்கப்படுகிறார் என்பது அவராலேயே விளக்கப்பட வேண்டும்.

நியாயமான கேள்விதான். சந்திரமதிக்கே அது தோன்றாமல் போனது ஆச்சரியம். வீட்டுக்குப் போய் விஷயத்தைச் சொன்னாள். கிருஷ்ணமூர்த்தியின் கார்ப்பரல் சுவரில் முட்டிக்கொண்டு நின்றான்.

"எழுதணுமா? நானா?"

"உங்க கைப்பட. எழுதிட்டு என்கிட்ட குடுத்துறாதீங்க. தபால்ல வரணும். இல்லாட்டி நான் எப்படி இன்வர்டு போடறது?"

இரண்டு நாள் கிருஷ்ணமூர்த்தி மொட்டை மாடியில் தண்ணீர் டாங்க் நிழலில் உட்கார்ந்து எழுதினார், கிழித்தார், எழுதினார். துணி காயப்போட வந்த தமிழரசி, "என்ன அண்ணே, எஸ்டிமேட்டா?" என்று எதிர்மாடியிலிருந்து கேட்டதற்கு ஆமாம் என்று சொல்லிவிட்டார். மூன்றாம் நாள் ஷாதிபூர் வரைக்கும் நடந்து போய்ப் பெட்டியில் போட்டார். வீட்டுக்கும் ஆபீசுக்கும் நாலு கிலோமீட்டர். கடிதம் வந்துசேர இரண்டு நாள் பிடித்தது. அந்த இரண்டு சாயங்காலமும் இரண்டு பேரும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்து சுட்டுக்கொண்டிருந்தார்கள். கடிதத்தைப் பற்றி ஒருத்தரும் மூச்சு விடவில்லை. வழியில் இருக்கிற தபாலைப் பற்றிப் பேசுவது முறையல்ல என்பது சந்திரமதி கட்சி.

இருபத்தொன்பதாம் நாள் காலைத் தபாலில் அது வந்தது. உறையைக் கத்தரித்தாள், முத்திரை குத்தினாள், எண் போட்டாள். பொருள் என்கிற கட்டத்தை நிரப்புவதற்காகப் படிக்க ஆரம்பித்தாள். கடிதம் தமிழில் இருந்தது.

"ஐயா, நான் மேற்படி சந்திரமதியின் கணவன். இரண்டாவது ஆட்டக்காரன்.

ஒன்று. எனக்கு முகத்தைப் பார்த்துப் பேச வராது. சிறு வயதிலிருந்தே அப்படித்தான். சுடும்போது அவள் என்னைப் பார்ப்பதில்லை. அதனால் பேச முடிகிறது. பதினாலு வருடத்தில் நான் பேசியதெல்லாம் இந்தக் கேமில் பேசியதுதான்.

இரண்டு. ஆளுக்கு ஒரு டிவி என்கிறீர்கள். டிவிக்குக் குறைவில்லை, ஒயரிங் நானே செய்துகொள்வேன். ஆனால் பெட்ரூமில் போய் உட்கார்ந்தால் பக்கத்தில் அவள் இருக்கமாட்டாள். காதில் குரல் கேட்டால் போதாது. சோபா அவள் பக்கம் அமுங்கியிருப்பதால் நான் தானாகவே அந்தப் பக்கம் சரிவேன். அது எனக்கு வேண்டும்.

மூன்று. புரோத்ராபூர் நிலத்தை வேண்டாம் என்று சொன்னது என் தப்பு. காடு என்று சொன்னது பொய். அவ்வளவு தூரத்தில் வீடு கட்டினால் அவள் ஆபீஸ் போய்வர நேரமாகும், சாயங்காலம் தனியாக இருக்க வேண்டுமே என்று பயந்தேன். அதைச் சொல்ல வாய் வரவில்லை. இன்றுவரை வரவில்லை. அதனால் அரசாங்கத்துக்குத் தெரிவித்துக்கொள்கிறேன்.

நாலு. நவம்பர் முப்பதுக்குப் பிறகு அவள் முழு நேரமும் வீட்டில் இருப்பாள். எனக்குச் சந்தோஷம். அதையும் நான் அவளிடம் சொல்லவில்லை.

ஆகவே இரண்டு பேர், ஒரு டிவி, ஒரு சோபா. இதில் மாற்றம் வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்."

சந்திரமதி மூன்றாவது பத்தியை இரண்டு தடவை படித்தாள். அப்புறம் இன்னொரு தடவை. கண் நிறைந்துவிட்டது. அவசரத்துக்குக் கையில் கிடைத்த துணியால் துடைத்துக்கொண்டாள். அது முத்திரை துடைக்கிற துணி. இரண்டு கன்னத்திலும் ஊதா மை இழுகியது.

தாஸ் பாபு எட்டிப் பார்த்தார். தமிழ் அவருக்குப் படிக்க வராது. அந்தப் பிரிவில் அவளைத் தவிர யாருக்குமே வராது. "க்யா லிக்கா ஹை மேடம்? ஃபைலுக்கு டிரான்ஸ்லேஷன் வேணுமே" என்று தன்னுடைய இந்தியில் கேட்டார்.

சந்திரமதி மூக்கை உறிஞ்சினாள். "டெக்னிக்கல் மேட்டர் ஹை, சார்."

"பூரா டெக்னிக்கல்?"

"பூரா. ஒயரிங் பத்தி எழுதியிருக்கார். சோபாவோட சாய்மானம் பத்தி எழுதியிருக்கார்."

தாஸ் பாபு அவள் கன்னத்தைப் பார்த்தார், கடிதத்தைப் பார்த்தார். அவருக்கும் பொண்டாட்டி இருக்கிறாள். "அச்சா, அச்சா" என்று சொல்லிவிட்டு, டெக்னிக்கல் விவரங்கள் திருப்திகரமாக உள்ளன என்று தானே கோப்பில் எழுதிக் கையெழுத்துப் போட்டு, தானே மாடிக்கு எடுத்துக்கொண்டு ஏறினார். அந்த மனுஷன் கோப்பைக் கையில் தூக்கிக்கொண்டு படியேறியதை அந்த ஆபீஸ் அதுவரைக்கும் கண்டதில்லை.

கோப்பு மாடியில் இருக்கிறவரை வீட்டிலும் அவள் அந்தக் கடிதத்தைப் பற்றிப் பேச்செடுக்கவில்லை. முப்பத்தோராம் நாள் பகல் பன்னிரண்டுக்கு உத்தரவு இறங்கியது. அனுப்பலாம், ஆட்சேபணை இல்லை. சந்திரமதி உறையில் போட்டாள், ஒட்டினாள், அவுட்வர்டு எண் கொடுத்தாள். ஒட்டி முடித்த பிறகுதான் மண்டையில் உறைத்தது. கெடு இன்றைக்கு ராத்திரியோடு முடிகிறது. இந்த உறை மெயின்லேண்ட் போய், அங்கிருந்து கடல் கடந்து போய்ச் சேருவதற்குள் ஒன்பதாம் பாகம் என்ன, பத்தாம் பாகமே வந்துவிடும்.

முப்பத்துமூன்று வருடத்தில் செய்யாததை அவள் அப்போது செய்தாள். வராந்தாவில் தூண் மறைவில் நின்று அகிலாவுக்குப் போன் போட்டாள்.

"அந்தக் கம்பெனி கருத்துக் கேக்குதுன்னியே, அதை இப்பவே போடு."

"அம்மா! ப்ராப்பர் சேனல் என்னாச்சு?"

"சேனல் கெடக்கட்டும்டி, நீ போடு."

"எழுதறதுக்குக் குட்டியா ஒரு பெட்டிதாம்மா இருக்கு. நாலு வரிக்கு மேல ஏறாது. உன்னோட பன்னிரண்டு பத்தியை என்ன பண்றது?"

சந்திரமதி ஒரு நிமிஷம்கூட யோசிக்கவில்லை. "ரெண்டு பேர், ஒரு டிவி, ஒரு சோபா. இதில் மாற்றம் வேண்டாம். அவ்வளவுதான். எழுதிக்கிட்டியா?"

அகிலா அதை இங்கிலீஷில் அடித்து அனுப்பினாள். அனுப்பிய கையோடு பதிலும் வந்தது. உங்கள் கருத்து எங்களுக்கு மிகவும் முக்கியம், பரிசீலனையில் உள்ளது. மகள் அதைச் சந்தோஷமாகப் படித்துக் காட்டினாள். பரிசீலனையில் உள்ளது என்றால் என்ன அர்த்தம் என்று, அதே வார்த்தையை ஆயிரக்கணக்கில் அவுட்வர்டு போட்ட சந்திரமதிக்குச் சொல்லித் தரவேண்டியதில்லை. வெள்ளைக்காரன் கம்பெனியும் நம்ம ஆபீஸ்தானா என்று சிரித்துவிட்டாள். சிரித்துக்கொண்டே உள்ளே போய் அரைநாள் லீவு எழுதிக்கொடுத்தாள்.

பத்துபஸ்தி பஸ்ஸிலிருந்து இறங்கியபோது மணி இரண்டு. தலைக்கு மேல் ஒரு விமானம் இறங்கிக்கொண்டிருந்தது. கிருஷ்ணமூர்த்தி அரிசி டிரம்மிலிருந்து பெட்டியை எடுத்து வெயிலில் காயவைத்துக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் என்ன இந்த நேரத்தில் என்று கேட்க நினைத்தார், முகத்தைப் பார்த்துவிட்டதால் கேட்கவில்லை.

"பெட்டியை மாட்டுங்க" என்றாள் சந்திரமதி.

மாட்டினார். பெட்டி இழுத்து இழுத்து மூச்சுவிட்டு ஒருவழியாக எழுந்தது. ஐந்தாம் பாகம், துறைமுகச் சண்டை. இரண்டு பேரும் கண்ணை மூடிக்கொண்டு ஆடுகிற இடம் அது. பதினாலு வருடத்தில் அங்கே ஒருதடவைகூடத் தோற்றதில்லை. மேல்பாதியில் சார்ஜென்ட், கீழ்ப்பாதியில் கார்ப்பரல். சோபா அமுங்கியது, கிருஷ்ணமூர்த்தி அவள் பக்கம் சரிந்தார்.

"உங்க கடுதாசி வந்துச்சு" என்றாள் சந்திரமதி, ஒருவனைச் சுட்டுக்கொண்டே.

"ம்."

"இன்வர்டு போட்டாச்சு."

"ம்."

"மூணாவது பத்தி பதினாலு வருஷம் லேட்டு."

கார்ப்பரல் ஓடி ஒரு பெட்டிக்குப் பின்னால் ஒளிந்தான். "அந்தத் தாமதத்தை மன்னிக்க ஏதாவது ரூல் இருக்கா?" என்று கிருஷ்ணமூர்த்தி டிவியைக் கேட்டார்.

"பரிசீலனையில இருக்கு."

அவர் சிரித்தார். சத்தமாகவே சிரித்தார். இந்த மனுஷன் சிரிக்கும்போது முகம் எப்படி இருக்கும் என்று சந்திரமதிக்கு ஒரு சந்தேகம் வந்தது. குரல் தெரியும், பதினாலு வருடமாகப் பக்கத்திலேயே கேட்ட குரல். முகம் ஞாபகத்துக்கு வரவில்லை. அவள் கண்ணை டிவியிலிருந்து எடுத்தாள்.

"சந்திரா, பின்னாடி பாரு!"

அவள் பார்க்கவில்லை. அவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள், கன்னத்தில் இரண்டு நாளாகத் தேய்த்தும் போகாத ஊதா மையோடு.

"பின்னாடி வர்றான், பாரு, பாரு, பா..." என்று கத்திக்கொண்டே திரும்பியவர் அவள் முகத்துக்கு நேராக மாட்டிக்கொண்டார். வாய் திறந்தபடி நின்றது. அப்புறம் மெதுவாக, முகத்தைப் பார்த்தே, "நிலத்தை வாங்கியிருக்கலாம்" என்றார்.

மேல்பாதியில் சார்ஜென்ட் சுருண்டு விழுந்தான். கொஞ்ச நேரத்தில் காப்பாற்ற ஆளில்லாமல் கார்ப்பரலும் விழுந்தான். டிவி முழுக்கச் சிவப்பாகி, மறுபடி ஆடுகிறீர்களா என்று ரொம்ப நேரம் கேட்டுக்கொண்டே நின்றது.